ஒரு வரியில் காரணம்

படிவத்தின் ஒன்பதாவது கட்டம்
தீப்பெட்டி அளவுதான்.
தீக்குக் காரணம், ஒரு வரியில்.
பதினெட்டு வருடமாக நிரப்பி வருகிறேன்:
மின்கசிவு. எரிவாயு. அணைக்காத சிகரெட்.
ஒருமுறை,
காமாட்சி விளக்குத் திரியைக் கவ்விப்போன எலி.

இன்று போர்ட் லூயியில்
துறைமுகத்துக்குப் பின்தெரு.
எரிந்த பதினொரு கடைகளில் நான்காவது.
கப்பலில் வந்திறங்கிய ஆறுமுகம் ஒருவர்
பிரெஞ்சு எழுத்தனின் காதில் ஆர்மூகம் ஆனார்.
அவருடைய கொள்ளுப்பேரன்
பாதி வெந்த பெயர்ப்பலகையின் கீழே நிற்கிறார்.
"எழுதுங்க" என்கிறார் கிரியோலில்,
"காட்டுமிராண்டிகள்னு எழுதுங்க."

கால் வைக்கிற இடமெல்லாம் நெறுநெறுக்கிறது.
பால்மாவு டின்கள் வெடித்துக்
கூரைக்கு அம்மை போட்டிருக்கிறது.
கருகிய அரிசி, எறும்புச் சவங்கள் மாதிரி.
மத்தி மீன் டப்பாக்கள் மட்டும்
முகம் உப்பி, பிழைத்துக் கிடக்கின்றன.

வெள்ளிக்கிழமை ஸ்டேஷனுக்குள் போனவன் லூடோவிக்.
ஞாயிறு காலை அவன் அம்மா கையில்
ஒரு ஜோடி செருப்பைக் கொடுத்தார்கள்.
சறுக்கி விழுந்துவிட்டான், என்றார்கள்.
ஐந்து முறை சறுக்கியிருக்க வேண்டும்,
ஐந்து முறையும் முதுகு தரையில் பட.
மாலையில் டயர் எரிந்தது.
இரவில் தெரு.

அமைச்சர் ரேடியோவில் சமூக விரோதிகள் என்றார்.
பாதிரியார் சாராயம் என்றார்.
என் மைத்துனர் சோற்றைப் பிசைந்துகொண்டே
அவங்க ரத்தம் அப்படி என்றார்.
கம்பெனி மட்டும் நேராகப் பேசியது:
கலவரம் என்று எழுதினால் ஒரு ரூபாய் கிடையாது.

கல்லாப்பெட்டி கவிழ்ந்து கிடந்தது.
புரட்டினேன்.
அடியில், ஓரம் மட்டும் பழுப்பேறிய
போலீஸ் புகார் ரசீது.
வெள்ளிக்கிழமைத் தேதி.
இரண்டு டின் பால்மாவு.
எடுத்தவன் பெயர் தெரியாது.
நீலச் சட்டை.

துறைமுகத்தில் மூட்டை தூக்குகிற
முந்நூறு பேருக்கும் நீலச் சட்டைதான்.
கம்பெனியே கொடுப்பது,
வருடத்துக்கு இரண்டு.

ஆர்மூகம் பார்த்துவிட்டார்.
"அடிக்கச் சொல்லலையே நான்.
மிரட்டி விடத்தான் சொன்னேன்."
சொல்லிவிட்டுத் தன் உள்ளங்கையைப்
புதிதாகப் பார்ப்பவர்போலப் பார்த்தார்.
கரி.

நான் என்ன சொல்ல?
கல்லை எறிந்த கையை ஆயிரம் பேர் பார்த்தார்கள்,
படம் பிடித்தார்கள், பெயர் கொடுத்தார்கள்.
லத்தி பிடித்த கையை
ஒரு சுவர்தான் பார்த்தது.
அந்தச் சுவருக்கு மறுபக்கம்
என் வீடு.

சனி இரவு டிவியில் கால்பந்து.
இரண்டாம் பாதி தொடங்கும்போது
சுவருக்குள்ளிருந்து ஒரு குரல்,
அம்மா என்றா, அப்பா என்றா, தெரியவில்லை.
எல்லா மொழியிலும் அது ஒரே மாதிரிதான் கேட்கும்.
மனைவி என்னைப் பார்த்தாள்.
நான் ரிமோட்டைத் தேடினேன்.
சத்தத்தைக் குறைக்க அல்ல.

இப்போது பேனா எழுதத் தொடங்குகிறது.
இரண்டு டின், நீலச் சட்டை, ஒரு புகார்,
ஐந்து சறுக்கல், ஒரு ஜோடி செருப்பு, ஒரு ரிமோட்
என்று வரி நீண்டு
கட்டத்தின் கோட்டை மிதித்துத் தாண்டிப்
பத்தாவதில் போய் முட்டுகிறது.
மதிப்பீட்டாளர் கையொப்பம்.

அதற்குள் வாசலில் ஒரு சிறுமி.
முழங்காலில் ஆறாத சிராய்ப்பு.
"மிசியே, இதைச் சாப்பிடலாமா?"
பதிலுக்கு நிற்கவில்லை.
உப்பிய டப்பாக்களில் இரண்டை எடுத்து
பாவாடையில் சுருட்டிக்கொண்டாள்.

படிவத்தில் திருட்டுக்கும் ஒரு கட்டம் உண்டு.

டப்பா கெட்டிருக்கும், விஷம்,
என்று நான்தான் சொல்லியிருக்க வேண்டும்.
நானோ ஆர்மூகத்தின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன்.
அது திறந்தது.